நாலாம் நம்பருக்கு ஒரு நிமிட மௌனம்

மைக் பிடிப்பவனுக்குத் தொண்டை கட்டினால் பனங்கற்கண்டு இருக்கிறது, கால் வலித்தால் நாற்காலி இருக்கிறது. வாயை விட்டுப் போன வார்த்தையைத் திரும்ப விழுங்கத்தான் வழியில்லை. ஏலம் விடுபவர்களே, பஸ் ஸ்டாண்டில் அறிவிப்புச் செய்பவர்களே, திருவிழாவில் காணாமல் போன பிள்ளைகளின் பெயரைக் கூவுபவர்களே, உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. கள்ளக்குறிச்சி வட்டாரத்தில் பதினைந்து வருடமாக விளையாட்டுப் போட்டிகளுக்கு மைக் பிடிக்கிறேன். கபடி, வாலிபால், அப்புறம் அணிக்கு ஏழு பேர் ஆடும் கால்பந்து. சீட்டில் எழுதிக் கொடுத்ததை வாசிப்பேன், கண்ணில் பட்டதைச் சொல்வேன். சொன்னது நடந்துவிட்டால் என்ன செய்வது என்று மட்டும் எந்தக் கமிட்டியும் இதுவரை எழுதிக் கொடுத்ததில்லை.

நாக்கில் ஒரு மச்சம்

ரிஷிவந்தியம் பக்கத்தில் ஒரு மைதானம். கோல் கம்பத்துக்கு அடியில் பிள்ளைகள் கும்பலாக உட்கார்ந்திருந்தார்கள். "கம்பம் உழுந்துடப் போவுது, தள்ளி உக்காருங்க" என்று எல்லா ஊரிலும் சொல்வதைத்தான் அங்கேயும் சொன்னேன். பிள்ளைகள் நகர்ந்தார்கள். காற்று இல்லை, பந்தும் அந்தப் பக்கம் இல்லை. மேல் கம்பம் தானாகக் கழன்று, அவர்கள் உட்கார்ந்திருந்த இடத்தில் விழுந்தது. எனக்குக் கைதட்டு கிடைத்தது. அடுத்த வாரம் திருக்கோவிலூரில், "ரெஃப்ரி ஊதுற ஊதுல விசில் அடைச்சிக்கப் போவுது" என்று கிண்டல் செய்தேன். அடைத்துக்கொண்டது. மனிதர் இரண்டாம் பாதி முழுக்கக் கையைத் தட்டித் தட்டியே ஆட்டத்தை நடத்தினார்.

மைக் செட் வைக்கும் ஏழுமலை என்னோடு பத்து வருடமாக இருப்பவன். அன்று என்னை ஓரமாக அழைத்துப் போய், வாயைத் திறக்கச் சொல்லி, செல்போன் விளக்கை அடித்துப் பார்த்தான். நாக்கின் ஓரத்தில் மிளகு அளவுக்குக் கருப்பாக ஒரு மச்சம். என் மனைவிக்கு இது முன்பே தெரியும். பெண் பார்க்கும் வீட்டுக்கும் வளைகாப்புக்கும் என்னைச் சாப்பிட மட்டும் அழைத்துப் போவது அதனால்தான். ஏழுமலை விளக்கை அணைத்துவிட்டுக் கையெடுத்துக் கும்பிட்டான். "அண்ணே, எது வேணா சொல்லுங்க, எம்பேரை மட்டும் மைக்ல சொல்லிடாதீங்க."

நிலைவாசல் இடிக்கும் ஆள்

உரக்கடை தணிகாசலம் கள்ளக்குறிச்சி அணி என்று ஒரு கால்பந்து அணி வைத்திருக்கிறார். போன வருடம் கேரளாவில் ஆடிக்கொண்டிருந்த ஓர் ஆப்பிரிக்கரை அழைத்து வந்தார். பெயர் கொஜோ, நாடு கானா. ஆறடி ஐந்தங்குலம். உரக்கடை மாடியில் தங்க வைத்தார்கள். கட்டில் போதாமல் கால்மாட்டில் ஒரு ஸ்டூல் போட்டார்கள். ஷேர் ஆட்டோக்காரர்களிடமே தமிழ் கற்றுக்கொண்டதால் மூன்றே மாதத்தில் "இன்னா பிரதர்" என்று பேசத் தொடங்கிவிட்டார். மைக்கில் எப்படி அறிமுகம் செய்யட்டும் என்று கேட்டேன். சொந்த நாட்டு அணிக்குப் பல வருடம் தடுப்பாட்டக்காரராக நின்றவர். முழங்காலில் இரண்டு ஆபரேஷன். அதற்குப் பிறகு வேறு வேறு தேசத்துக் கிளப்புகள். ஒவ்வொரு கிளப்பும் முந்தையதைவிடச் சின்னது, ஊர் மட்டும் இன்னும் தூரம். இதெல்லாம் வேண்டாம், டிஃபெண்டர் என்று மட்டும் சொல் என்றார்.

ஊரில் எட்டு வயதில் ஒரு மகள். இரண்டு வருடமாக அவளைப் போனில்தான் பார்க்கிறார். இந்த சீசனோடு பூட்ஸைக் கழற்றிவிட்டு ஊர் திரும்ப முடிவு செய்திருந்தார். ஒவ்வொரு ஆட்டத்துக்கு முன்னாலும் முழங்காலைத் தடவிக்கொண்டு, "முழுசா வூடு போவணும் பிரதர்" என்பார். ஆனால் களத்தில் இறங்கிவிட்டால் அந்தப் பயம் இருந்த இடம் தெரியாது. ஓடவே மாட்டார். பந்து வரப்போகும் இடத்தில் முன்கூட்டியே போய் நின்றுகொண்டிருப்பார். சங்கராபுரத்து அணியில் கோல் அடிப்பதில் கெட்டிக்காரனான ஒரு பையன், ஆட்டம் முடிந்து என் மேசைக்கு வந்து தண்ணீர் குடித்தான். "நான் அடுத்தது இன்னா பண்ணப் போறேன்னு எனக்கே தெரியல சார், அந்தாளுக்குத் தெரியுது."

ஆறு தலைகளுக்குப் பிறகு

ஆட்டம் தொடங்கும் முன் கொஜோ தன் அணியில் மற்ற ஆறு பேரின் தலையையும் ஒவ்வொன்றாகத் தொடுவார். அதோடு நிறுத்த மாட்டார். ஆறாவது தலைக்குப் பக்கத்தில் வெறும் காற்றில், தன் தோள் உயரத்தில், இன்னொரு முறை தொடுவார். மற்றவர்களுக்கு அது பழகிவிட்டது. மேசையிலிருந்து பார்க்கும் எனக்குத்தான் ஒவ்வொரு முறையும் என்னவோ போலிருக்கும். ஒருநாள் பஸ் ஸ்டாண்ட் டீக்கடையில் கேட்டே விட்டேன்.

அவர் நாட்டு அணிக்கு நாலாம் நம்பர் ஒருவர் இருந்தாராம். ஒரு பெரிய ஆட்டத்துக்கு நான்கு நாள் முன்பு சாலை விபத்தில் போய்விட்டார். அவசரமாக அழைக்கப்பட்டவர் கொஜோ. புதுச் சட்டை தைக்க நேரமில்லை. செத்தவரின் சட்டையையே போட்டுக்கொண்டு, முதுகில் அவர் பெயரோடு இறங்கினார். முதலில் ஒரு நிமிட மௌனம். மைதானம் நிறைய ஜனம், ஒருவரும் தலை குனியவில்லை. அன்றிலிருந்து போகிற இடமெல்லாம் நாலாம் நம்பர் சட்டைதான், கடைசியாகக் காற்றில் ஒரு தொடுதல்தான். கொஜோ கிளாஸைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்: "அந்த ஒரு நிமிஷம் யாரும் என்னைப் பாக்கல பிரதர், எல்லாரும் என் முதுவைப் பாத்துக்கினு இருந்தாங்கோ."

ஈரச் சீட்டு

கடைசி ஆட்டம் கல்வராயன் மலையில், கரியாலூர் அணியோடு. அடுத்த வாரம் கொஜோவுக்கு விமானம். வேன் வளைவு வளைவாக ஏறும்போதே பனிமூட்டம் கண்ணாடியில் வந்து ஒட்டிக்கொண்டது. பட்டப்பகல் இரண்டு மணி, மைதானத்தின் அந்தக் கோடியில் இருந்த கோல் கம்பம் தெரியவில்லை. மலையில் ஒரு வழக்கம் உண்டு. அந்த மைதானத்தில் ஆடியவர்களில் அந்த வருடம் காலமானவருக்கு மௌன அஞ்சலி செலுத்திவிட்டுத்தான் ஆட்டம். கமிட்டிச் செயலாளர் என்னிடம் இரண்டு சீட்டு கொடுத்தார். ஒன்று ஆட்டக்காரர் பட்டியல். இன்னொன்று சடையன் என்பவருக்கு இரங்கல்: கடைசிவரை பூட்ஸ் போடாமல் வெறுங்காலோடு ஆடிய நெட்டையான தடுப்பாட்டக்காரர், நாலாம் நம்பர், போன ஐப்பசியில் காலமானார். இரண்டையும் சட்டைப் பையில் வைத்தேன். எடுத்தபோது நனைந்து, ஒன்றோடொன்று ஒட்டி, பிரித்ததும் கிழிந்து, பாதி இதிலும் பாதி அதிலுமாக வந்தன.

நம் தொழிலில் இருப்பவர்களுக்குத் தெரியும், வாய் வாசித்துக்கொண்டிருக்கும், புத்தி டீக்குப் போயிருக்கும். "இந்த மைதானத்தின் தூணாக நின்ற, நாலாம் நம்பர், உயரமான தடுப்பாட்டக்காரர், நம்மை விட்டுப் பிரிந்த கொஜோ அவர்களுக்கு ஒரு நிமிட மௌனம்" என்று வாசித்தேன். பழக்கத்தில் எல்லோரும் குனிந்தார்கள். கொஜோவும் குனிந்தார். நிமிடம் முடிந்ததும் அதே குரலில் கள்ளக்குறிச்சி அணியின் பட்டியலை வாசித்தேன். "நாலாம் நம்பர், சடையன்!" பனிக்குள்ளிருந்து, ஆளே இல்லாத மேற்குப் பக்கத்திலிருந்து, ஒரு நீண்ட சீட்டி கேட்டது. அப்போதுதான் சீட்டைப் பார்த்தேன். "மன்னிக்கணும், தவறு நேர்ந்துடுச்சி" என்று மைக்கில் கத்தினேன். சத்தம் வரவில்லை. பனி இறங்கி ஆம்ப்ளிஃபையர் செத்திருந்தது. செயலாளர் ஓடி வந்தார். கோபப்படக்கூட இல்லை, முகம் வெளிறிப்போயிருந்தது. "இன்னா சார், உயிரோட இருக்கிறவரை அனுப்பி வெச்சிட்டு, போனவரை கூப்புட்டுட்டீங்களே."

ரெஃப்ரி எண்ணினார்

ஆட்டம் தொடங்கிவிட்டது. ஏழுமலை வயர்களைக் கழற்றி வேட்டியால் துடைத்துக்கொண்டிருந்தான். நான் வாயைக் கையால் பொத்திக்கொண்டு கொஜோவை மட்டுமே பார்த்துக்கொண்டிருந்தேன். என்னால் ஒரு குழந்தை அப்பாவை இழக்கப்போகிறது என்ற நினைப்பு என்னை விடவில்லை. பனிக்குள் நிழல் நிழலாக ஓடினார்கள். கொஜோ வழக்கம்போல வலது ஓரமாக நின்றார். இடது ஓரத்தில் அவர் உயரத்துக்கே இன்னொரு நிழல் நின்ற மாதிரி எனக்குப் பட்டது. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுப் பார்த்தால் பனி மட்டும்தான்.

நான் ஒருவன்தான் பார்த்தேன் என்றால் பயத்தில் வந்தது என்று விட்டுவிடலாம். நடு ஆட்டத்தில் ரெஃப்ரி விசில் ஊதி நிறுத்தினார். கள்ளக்குறிச்சி அணியை வரிசையாக நிற்கச் சொல்லி விரலை நீட்டி எண்ணினார். மறுபடி எண்ணினார். ஆட்டத்தைத் தொடரச் சொன்னார். இடைவேளையில் என் மேசைக்கு வந்தவர் குறிப்பு நோட்டைத் திறந்து வைத்துக்கொண்டு, பேனாவை மூடியபடியே நின்றார். "ஓடிக்கினு இருந்தா எட்டு பேரு, நிக்க வெச்சா ஏழு பேரு. நான் எதை எழுதறது?"

இடது தோள்

முடிய ஐந்து நிமிடம். நாங்கள் ஒரு கோல் முன்னால் இருந்தோம். கரியாலூர்ப் பையன் அடித்த பந்து என் மேசைக்கு அருகிலிருந்த கோலின் மூலைக்குப் போனது. கொஜோ தலையால் முட்ட முழு உடம்பையும் வீசிப் பாய்ந்தார். அந்த மலையில் கோல் கம்பம் என்றால் பழைய போர்வெல் குழாய். அவர் தலை நேராகக் குழாயைப் பார்த்துப் போய்க்கொண்டிருந்தது. கண்ணை மூடிக்கொண்டேன். திறந்தபோது பந்து வெளியே கிடந்தது, கம்பத்துக்கு ஒரு கை தள்ளி கொஜோ குப்புறக் கிடந்தார். அசைவில்லை. ஒருவரும் பேசவில்லை, நான் கேட்ட அந்த ஒரு நிமிட மௌனத்தை அப்போதுதான் உண்மையில் செலுத்துகிறார்கள் போல. செத்த மைக் இன்னும் என் கையில்தான் இருந்தது. "எழுந்திரு கொஜோ, வூடு போவணும்" என்று அழுதேன். அந்த நொடி மைக்குக்கு உயிர் வந்தது. மலை முழுக்க என் அழுகை எதிரொலித்தது.

அவர் எழுந்தார். புருவத்தில் மட்டும் கல் கிழித்த காயம். எங்கள் ஆட்களை ஒவ்வொருவராகப் பார்த்தார், பிறகு எல்லோர் கால்களையும் பார்த்தார். "யாரு பிரதர் அந்த ஷூ போடாத ஆளு? தோள்ல இடிச்சித் தள்ளினான்" என்று இடது தோளைத் தடவினார். அங்கே சட்டையில் சேறு, அகலமாக, இன்னொரு தோள் அளவுக்கு. மலைக்காரர்கள் யாரும் ஆச்சரியப்பட்ட மாதிரி தெரியவில்லை. ஆட்டம் முடிந்து கோப்பையைக் கொடுக்கும்போது செயலாளர் என் காதருகே வந்து மனத்தாங்கலோடு சொன்னார்: "எங்க சடையனை உங்க டீம்ல சேத்துட்டீங்க சார், அதான் நாங்க தோத்தோம்."

வழியனுப்பு

கொஜோவை ஏற்றிவிட பஸ் ஸ்டாண்டுக்குப் போனேன். மன்னிப்புக் கேட்க வாய் வரவில்லை; என் வாயைத் திறக்கவே எனக்குப் பயம். அவர் மச்சக் கதையையும் சடையன் கதையையும் ஏழுமலையிடம் கேட்டுத் தெரிந்து வைத்திருந்தார். பஸ் படியில் குனிந்து நின்றுகொண்டு, "சொல்லு பிரதர், கொஜோ முழுசா வூடு போய்ச் சேருவான்னு சொல்லு" என்றார். மைக் இல்லாமல் நான் சொன்ன ஒரே அறிவிப்பு அதுதான். ஒரு எழுத்து பிசகாமல் சொன்னேன்.

பத்து நாள் கழித்து வீடியோ காலில் வந்தார். மகளைத் தோளில் உட்கார வைத்திருந்தார், அவளுடைய தலை கூரையைத் தொட்டது. அங்கே தெருப் பிள்ளைகளுக்குப் பந்தாட்டம் சொல்லித் தருகிறாராம். ஆட்டத்துக்கு முன் தலைகளைத் தொடும் வழக்கத்தையும் விடவில்லை. புருவத்துத் தழும்பைத் தேய்த்தபடி கொஞ்சம் வெட்கத்தோடு சொன்னார்: "எம் பொண்ணு கேக்குறா பிரதர், இன்னாத்துக்கு டாடி இப்ப காத்துல ரெண்டு தடவை தொடுறீங்கன்னு."

நாம் மைக்கில் சொல்வதை ஊரே கேட்கிறது என்று பெருமைப்பட்டுக்கொள்ளலாம்தான், ஊரில் இல்லாதவர்களும் கேட்டுவிடுகிறார்கள் என்பது ஒன்றுதான் இந்தத் தொழிலில் கொஞ்சம் சிரமம்.