தெரியாது என்று சொன்ன மந்திரி

நேற்று மகள் பள்ளிக்கூட வேலைக்காக மடிக்கணினியில் ஏதோ பார்த்துக்கொண்டிருந்தாள். தற்செயலாகத் திரும்பினேன். அதே கிழவர். நரைத்த தலை, நல்ல கோட், பதறாத குரல். போர்க்காலத்தில் ஜெர்மனியில் மந்திரியாக இருந்து, நெடுங்காலம் சிறையிருந்து, வெளியே வந்த பிறகு தொலைக்காட்சிக்காரர்களுக்குச் சலிக்காமல் பேட்டி கொடுத்தவர். எனக்கு மீன் கட்லட் மணந்தது.

சிரிக்காதீர்கள். தொண்ணூறுகளில், இந்தப் பனி நாட்டுக்கு வந்த புதிதில், டோர்செட் பார்க் என்ற பகுதியின் மாடிக் கட்டடமொன்றில் நாலைந்து இளந்தாரிகள் சேர்ந்திருந்தோம். எங்கள் ரீவிக்குக் கேபிள் இல்லை. அன்ரெனாவைத் திருப்பித் திருப்பி வைத்தால் இரண்டொரு சானல் தெளியும். அதிலொன்று ஞாயிறு பிற்பகல்களில் பழைய யுத்தப் படங்களையே போடும். பூசை முடிந்து வந்த பக்கத்து வீட்டுத் திரேசா அன்ரி, கட்லட் பொரித்துக்கொண்டு எங்களிடம் வருவார். மன்னார்க்காரர். அவருடைய மகன் றெஜியை ஊரில் ஒரு சுற்றிவளைப்பில் ஆமிப் படையினர் கொண்டுபோனார்கள். பிறகு தகவலே இல்லை. மகள் ஜெனியோடு இங்கே வந்து சேர்ந்திருந்தார்.

அன்ரிக்கு ஆங்கிலம் தெரியாது. மொழிபெயர்ப்பாளர் நான். என் ஆங்கிலமோ பிறம்ரன் கிடங்கில் பெட்டி தூக்கிப் பழகியது; பாதியை ஊகித்துத்தான் சொல்வேன். ஆனால் அந்தக் கிழவர் நிறுத்தி நிதானமாகப் பேசினார். எனக்கே முழுதும் விளங்கியது.

"உவர் என்ன சொல்லுறார், தம்பி?"

"சனத்தைக் கொண்டுபோய்ச் செய்ததெல்லாம் தனக்குத் தெரியாதாம், அன்ரி. தெரிஞ்சுகொள்ளப் பார்க்கேல்லையாம். அதுதான் தன்ரை பிழையாம்."

அன்ரி திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"றெஜியைக் கேட்டுப் போனப்ப ஆமி முகாமிலை இருந்த பெரியவனும் இப்பிடித்தான். கதிரை தந்து இருத்தி, தேத்தண்ணி தந்து, நல்ல மரியாதையாச் சொன்னவன், தனக்கு ஒண்டும் தெரியாதெண்டு. நானும் நன்றி சொல்லிப்போட்டு வந்திட்டன்."

யாரோ சத்தத்தைக் குறைத்தார்கள்.

"பேட்டி எடுக்கிறவர் ஏன் திருப்பிக் கேக்கேல்லை?"

"கேட்டவர், அன்ரி. உவர் அதையேதான் திருப்பிச் சொல்லுறார்."

"இப்ப எங்கை இருக்கிறார்?"

"செத்துப்போனார். இது பழைய படம்."

"அப்ப இனி ஆரைக் கேக்கிறது?"

அதற்குப் பிறகும் வேறுவேறு படங்களில் அந்த மனிதர் வந்துகொண்டேயிருந்தார். வரும்போதெல்லாம் அன்ரி கதிரையை முன்னுக்கு இழுத்துப் போடுவார், இந்த முறை வேறேதும் சொல்லிவிடுவார் என்பதுபோல. ஒரு வசனத்தையாவது மாற்றிச் சொல்வோமா என்று எனக்குத் தோன்றும். என்ன சொல்லி மாற்றுவது?

பிறகு நாங்கள் கல்யாணம், வீடு என்று ஆளுக்கொரு திசையாகப் பிரிந்தோம். அந்தச் சானலும் நின்றுபோயிற்று. சில பனிக்காலங்களுக்கு முன் அன்ரி காலமானார். இறுதிச்சடங்கு மண்டபத்தில் ஜெனி என்னை ஒதுக்குப்புறமாகக் கூப்பிட்டாள். கையில் றெஜியின் படம்.

"அண்ணை, இதை அம்மாவின்ரை படத்துக்குப் பக்கத்திலை வைக்கவோ? வைச்சா அவனும் செத்தவன் எண்டாயிடுமே."

பெட்டியை மூடும்வரை அவள் அந்தப் படத்தைக் கையிலேயே வைத்திருந்தாள்.