தீவு மாடுகளைக் கூப்பிட்ட குரல்

ஆவணப்படம் எடுக்கும் பிள்ளை, களப்புத் தீவில் படம் பிடித்ததை ஃபோனில் காட்டினாள். மேய்ப்பர் கரையில் நின்று "பா... ஓ... பா..." என்று கூப்பிட, எருமைகள் தண்ணீரில் இறங்கின. என் வாப்பாவும் இப்படித்தான் கூப்பிடுவார்.

அப்போது எனக்கு எட்டு வயது. வாப்பாவின் எருமைப் பட்டியும் தீவில்தான் நின்றது. அவர் குரல் கேட்டால் மாடுகள் நீந்தி வந்துவிடும். களப்பு நிரம்பி, கடலை மறிக்கும் முகத்துவாரத்து மணல்மேட்டை வெட்டிவிட்ட நாளில் மட்டும் கூப்பிடமாட்டார். களப்புத் தண்ணீரெல்லாம் கடலுக்கு இழுபடும். அப்படியொரு நாளில் நான் விளையாட்டுக்கு வாப்பா போலக் கூப்பிட்டேன். முன்மாடு தலையைத் தூக்கியது. கன்றுகளோடு பட்டி முழுவதும் இறங்கிவிட்டது. "போங்க, போங்க" என்று கத்தினேன். அதுவும் அதே குரல்தானே, இன்னும் வேகமாக வந்தன.

வாப்பா ஓடிவந்து சாரனை மடித்துக் கட்டிக்கொண்டு குதித்தார். கலங்கிய தண்ணீரில் சேற்று வாடை அடித்தது. அத்தனை கறுத்த தலைகளுக்குள் அவர் தலை எதுவென்று தெரியவில்லை.

வெகுதூரம் தள்ளி, ஒரு கன்றை இழுத்துக்கொண்டு கரையேறினார். இரண்டு கன்றுகளைக் காணவில்லை.

"ஆரு புள்ள கூப்பிட்ட?"

"தெரியா வாப்பா."

இன்றுவரை ஒருவரிடமும் சொன்னதில்லை.

"எப்படி உம்மா, படம் வடிவா இருக்கா?" என்று அந்தப் பிள்ளை கேட்டாள்.

எருமைகள் நடுத்தண்ணீரில் இருக்க, படம் பாதியில் நின்றிருந்தது.

"கண்டுக்குட்டியெல்லாம் கரைக்கு வந்திட்டா மகள்?" என்றேன்.