தினமும் ஒரு ஸ்டார்

வில்லியனூர் பக்கத்தில் ஒரு பால்வாடியில் டீச்சராக இருக்கிறேன். சத்தம் போடாத பிள்ளையின் கையில் தினமும் சிவப்புப் பேனாவால் ஒரு ஸ்டார் போடுவேன். மூன்றரை வயது யாழினிதான் எப்போதும் வாங்குவாள். யாரோடும் பேசமாட்டாள், விளையாடமாட்டாள். "இவளப் பாத்துக் கத்துக்குங்க" என்று மற்ற பிள்ளைகளிடம் பெருமையாகச் சொல்வேன்.

ஒருநாள் காலையில் பால்வாடிக் கதவிடுக்கில் அவள் விரல் நசுங்கிவிட்டது. வாய் அகலத் திறந்திருந்தது, கண்ணீர் கொட்டியது, சத்தம் மட்டும் வரவில்லை. பதறிப்போய், "வலிச்சா கத்தக் கூடாதாடி?" என்றேன்.

என் காதருகே கிசுகிசுத்தாள். "அப்பா தூங்குது டீச்சர்."

விரலுக்குக் கட்டுப் போட்டு வீட்டுக்குத் தூக்கிப் போனேன். வாசலிலேயே அவள் அம்மா உதட்டில் விரல் வைத்தாள்.

"திருவாண்டார்கோயில் கம்பெனில நைட் ஷிப்ட் பாத்துட்டு இப்பதான் படுத்தாரு. வூட்ல இருக்கிறதே ஒரு ரூமு. பொறந்ததுலேர்ந்து இவ வாயப் பொத்திப் பொத்தியே வளத்துட்டேன். இன்னா பண்றது டீச்சர்?"

அவளுக்கு வேறு வழி இல்லை. எனக்கு இருந்தது. பால்வாடியில் யாருடைய அப்பாவும் தூங்கவில்லை.

கிளம்பும்போது யாழினி என் புடவையை இழுத்து, கட்டுப் போடாத கையை நீட்டினாள்.

"நான் கத்தலையே டீச்சர். ஸ்டார்?"

அதையும் கிசுகிசுப்பாகத்தான் கேட்டாள். பேனா என் பையில்தான் இருந்தது. எடுக்கக் கை வரவில்லை.