கிழியாத கோட்

நாகவள்ளி வாயால் சொன்ன நகைச்சுவைக்கு இதுவரை யாரும் சிரித்ததில்லை. மூக்கின் கீழே கண்மையால் மீசை வரைந்து, ஏணியைத் தூக்கிக்கொண்டு அவள் நடந்தால் போதும், சிரித்துவிடுவார்கள். ஷார்ஜாவில் பள்ளிப் பேருந்தில் பிள்ளைகளை ஏற்றி இறக்கும் வேலை அவளுக்கு. விடுமுறை நாட்களில் தொழிலாளர் கேம்ப்களில் இந்த ஆட்டம். பார்ப்பவர்களில் தமிழர், பட்டாணியர், நேபாளி எல்லாரும் உண்டு. அதனால் வசனமே கிடையாது.

கூட்டாளி சாதிக் பாட்ஷா தொழிற்பேட்டையில் மெக்கானிக், கீழக்கரைக்காரர். மேடையில் அவர் முதலாளி, இவள் பெயின்டர். முதலாளி குனிவார், இறுக்கமான கோட் முதுகில் பிளக்கும், இவள் அந்தப் பிளவுக்கும் பெயின்ட் அடிப்பாள். ஆட்டத்தின் உயிர் அதுதான்.

அன்று நிகழ்ச்சி நடத்துபவரான கௌரிசங்கர் முன்பே சொல்லிவிட்டார். "இன்னிக்குச் சிரிப்பு வரலைன்னா கலாஸ்மா, உங்க ஆட்டம் முடிஞ்சுது. அடுத்த மாசம் மிமிக்ரிக்காரரைப் போட்டுடுவேன்."

"வரும் சார்" என்று மீசையை இன்னும் தடிப்பாக்கினாள் நாகவள்ளி.

அவர்கள் மேடையேறிய பிறகு, பேனருக்குப் பின்னால் அவர்களுடைய உடுப்புகளைப் பார்த்துக்கொள்ளப் பையோடு இருந்த என்னிடம் சாதிக்கின் மனைவி ரஹீமா பீவி பேச்சுக் கொடுத்தார். ஆட்டம் பார்க்க அவர் வந்தது அதுதான் முதல் தடவை.

"அந்தக் கோட்டுல தையலே நிக்கல. இத்தனை பேருக்கு முன்னால மச்சான் மானம் போயிருமேன்னு ரெட்டைத் தையல் போட்டுட்டேன்."

நான் பேனர் ஓரமாக மேடையை எட்டிப் பார்த்தேன்.

சாதிக் குனிந்தார். ஒன்றும் நடக்கவில்லை. மறுபடி குனிந்தார். முன்வரிசையில் ஒருவர் கொட்டாவி விட்டார். கௌரிசங்கர் கைபேசியை எடுத்தார்.

நாகவள்ளி பிரஷைக் கீழே வைத்தாள். கோட்டின் முதுகை உற்றுப் பார்த்தாள். பின்னால் தொங்கிய அதன் வாலைப் பிடித்து இழுத்தாள். கோட் அசையவில்லை. வாலை ஏணியில் முடிந்து, ஏணியைக் கிடத்தி, அதன்மேல் உட்கார்ந்துகொண்டாள். பள்ளிப் பேருந்தில் டிரைவருக்குக் கை காட்டுவாளே, அதேபோல் 'போகலாம்' என்று காட்டினாள். சாதிக்குக்குப் புரிந்துவிட்டது. ஏணியையும் அவளையும் இழுத்துக்கொண்டு மேடையைச் சுற்றினார். அவள் ஒவ்வொரு நிறுத்தத்திலும் இல்லாத பிள்ளைகளை இறக்கிவிட்டாள். கொட்டாவி விட்டவர் எழுந்து நின்று சிரித்தார்.

உள்ளே வந்ததும் சாதிக் மூச்சு வாங்கியபடி மனைவியைப் பார்த்து, "என்ன புள்ள செஞ்சு வச்சிருக்க?" என்றார்.

"நீங்க சும்மா இருங்கண்ணே" என்றாள் நாகவள்ளி. "மதினி, அந்த வாலுக்கும் ஒரு தையல் போட்டுக் குடுங்க. அடுத்த தடவை பெயின்ட் வாளியையும் ஏத்தணும்."

அடுத்த தடவை உண்டா என்று அவள் யாரையும் கேட்கவில்லை. கௌரிசங்கர்தான் வந்து கேட்டார்.

"ஏணி அடுத்த மாசம் வரைக்கும் இங்கயே இருக்கட்டுமா?"