இடிச் சத்தத்தில் எழுந்து போன பேனலிஸ்ட்

முகத்தில் பூசிய பவுடர் வாசனைதான் முதலில் ஞாபகம் வருகிறது...

விருதுநகரில், மாடியில் தகரக் கூரை போட்ட சின்ன ஸ்டூடியோ. ஏசி கிடையாது. லைட்டைப் போட்டால் பவுடர் கரைந்து கண்ணுக்குள் இறங்கும்.

அப்போது திருத்தங்கல் பக்கம் ஒரு பட்டாசு கம்பெனியில் நான் போர்மேன். லோக்கல் கேபிளில் ஒருமுறை தொழிலைப் பற்றிப் பேசினேன். அதைப் பார்த்துவிட்டுச் சென்னை சேனல் ஒன்று, தங்கள் விருதுநகர் ஸ்டூடியோவில் வந்து உட்காரச் சொல்லிக் கூப்பிட்டது. அப்புறம் தீபாவளி சீசன் வந்தாலே 'பட்டாசு தேவையா?' என்று விவாதம்தான். சிவகாசி தரப்பில் நான்.

டீக்கடையில் "ஏலே, டிவிக்காரர் வாராருலே!" என்பார்கள். பொய் சொல்வானேன், ரொம்பப் பிடித்திருந்தது.

கடைசியாகப் போன அன்றைக்கு, நன்றாகப் பேசினால் இனி எல்லா விவாதத்துக்கும் கூப்பிடுவதாகச் சொல்லியிருந்தார்கள். போர்மேன் வேலையை விட்டுவிடலாமா என்றுகூட யோசித்து வைத்திருந்தேன்.

சென்னையிலிருந்து நெறியாளர் கேட்டார். "உங்க தொழிலாளர்களுக்குப் பாதுகாப்புப் பயிற்சி இருக்கா, இல்லையா?"

"இருக்கு சார். அதெல்லாம் எங்க உடம்புலயே ஊறிப் போச்சு..."

படாரென்று ஓர் இடி.

பட்டாசு கம்பெனியில் இடி கேட்டால் யோசிக்கவே கூடாது. மின்னல் வெடிமருந்தில் இறங்கினால் தீர்ந்தது கதை. கையில் இருப்பதைப் போட்டுவிட்டு ரூமை விட்டு வெளியே வந்துவிட வேண்டும்.

எழுந்துவிட்டேன். மைக் வயரோடு மாடிப்படி வரைக்கும் வந்த பிறகுதான் எங்கே இருக்கிறேன் என்பதே உறைத்தது.

அதற்குள் திரையில் ஓடிவிட்டது: 'பதில் சொல்ல முடியாமல் வெளியேறினார்.'

பிறகு யாரும் கூப்பிடவில்லை. வெளியே தலைகாட்டவே கூச்சமாக இருந்தது. என் மனைவி செல்வியும் அதே கம்பெனியில் பேக்கிங்கில் இருந்தவள். அவள் மட்டும், "இடிச்சா எந்திரிக்காம என்ன செய்வீக? கைய கழுவிட்டுச் சாப்பிட வாங்க" என்றாள்.

போன வாரம் டிவியில் அதே விவாதம், அதே ஸ்டூடியோ. கோட்டு போட்ட புது ஆள். ஏசி வந்துவிட்டது போல, அவருக்கு வியர்க்கவே இல்லை. கூரை மட்டும் தகரம்தான் என்று நினைக்கிறேன், ஏனென்றால் பேச்சுக்கு நடுவே இடி நன்றாகவே கேட்டது.

"எங்க தொழில்ல பாதுகாப்புதான் சார் முதல்ல" என்று அவர் அசையாமல் பேசிக்கொண்டிருந்தார்.

ஹாலில் இருந்த நானும், தோசைக் கரண்டியோடு செல்வியும், வாசலுக்கு வெளியே நின்றுகொண்டிருந்தோம்.