அக்காளின் இடம்

ரத்தினபாய்க்கும் எலியேசருக்கும் 1966இல் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. அவள் தாம்பரத்தில் இரண்டாம் வகுப்பு டீச்சர். அவன் குரோம்பேட்டையில் ஒரு கம்பெனிக் குமாஸ்தா. இருவரும் விரும்பி, வீட்டாரைச் சம்மதிக்க வைத்த கல்யாணம். ஆலயத்தில் முதல் கல்யாண அறிவிப்பும் வாசித்தாயிற்று.

அந்த வாரம் தந்தி வந்தது. ஜாம்பியாவில் வாழ்ந்த அக்காள் ஞானஜோதி காய்ச்சலில் போய்விட்டாள்.

அத்தான் அசரியா அங்கே பள்ளி ஆசிரியர். மூன்று வயது மகள் தபீதாளைத் தூக்கிக்கொண்டு ஊர் வந்து சேர்ந்தார். அக்காளும் தங்கையும் ஒரே முகச்சாயல். ரத்தினபாயைப் பார்த்ததும் குழந்தை "அம்மா!" என்று ஓடிவந்து காலைக் கட்டிக்கொண்டது. அதன் பிறகு வேறு யார் ஊட்டினாலும் வாய் திறக்கவில்லை.

அப்பா ஏசுதாசன் மகளிடம் எதையும் நேராகக் கேட்கவில்லை. "அசரியாவுக்கு வேற பொண்ணு பாக்கணும். வர்றவ இந்தப் பிள்ளைய எப்படி வெச்சுக்குவாளோ" என்று அவள் காதில் விழும்படி சொன்னார்.

ரத்தினபாய் தாம்பரம் ஸ்டேஷனில் எலியேசரைச் சந்தித்தாள்.

"போகாதேன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க. நான் போகல."

"சொல்லிடலாம் ரத்தினா. அப்புறம் அந்தப் பிள்ளை முகத்துல நான் எப்படி முழிப்பேன்?"

"அப்ப போகச் சொல்றீங்களா?"

"அதுவும் என் வாயில வரல" என்றான் எலியேசர். அவன் கண்கள் கலங்கியிருந்தன.

அடுத்த மாதம் அதே ஆலயத்தில் அசரியாவுக்குக் கழுத்தை நீட்டினாள். பம்பாயில் கப்பல் ஏறினாள்.

அசரியா நல்ல மனிதர். ஒருநாளும் கை ஓங்கியதில்லை. ஆனால் சாப்பிட உட்கார்ந்தால், "ஜோதி, கொஞ்சம் ரசம் ஊத்து" என்பார். முதலில் நாக்கைக் கடித்துக்கொள்வார். பிறகு அதுவும் நின்றுபோயிற்று. ரத்தினபாயும் ஊற்றப் பழகிக்கொண்டாள். எலியேசர் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே என்று மட்டும் பல வருடம் உள்ளுக்குள் கோபித்துக்கொண்டே இருந்தாள்.

1976இல் அப்பா இறந்தார். தபீதாளோடு அவள் தாம்பரம் வந்து சேர்வதற்குள் அடக்கம் முடிந்திருந்தது. ஒருநாள் மாலை தனியாகக் குரோம்பேட்டைக்குப் போனாள். எலியேசருக்குக் கல்யாணமாகி நான்கு வருடம் ஆகியிருந்தது. இடுப்பில் மகனை வைத்துக்கொண்டு கதவைத் திறந்தான். அவன் மனைவி, "உள்ள வாங்கக்கா" என்று நாற்காலியைத் துடைத்துப் போட்டுவிட்டுக் காப்பி போடப் போனாள்.

"அந்தப் பிள்ளை நல்லா இருக்காளா?" என்று கேட்டான் எலியேசர்.

"நல்லா இருக்கா. என்னைத்தான் அம்மாங்கிறா."

"அப்ப சரி" என்றான். சட்டை மாற்றி வருவதாக உள்ளே போனவன், அவள் காப்பி குடித்து முடித்தும் வரவில்லை. கதவுக்குப் பின்னால் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. அவன் மனைவி தலையைக் குனிந்துகொண்டாள். ரத்தினபாய் எழுந்துவிட்டாள்.

திரும்பும் மின்சார ரயிலில் அழுகை அடங்கவில்லை. எதிரே இருந்த பூக்காரி கூடையை நகர்த்திவிட்டுப் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"இன்னாம்மா, இப்டி அழுதுகினு வர்றே? வூட்ல யாராச்சும் தவறிட்டாங்களா?"

"ஆமாம்மா" என்றாள் ரத்தினபாய்.

தாம்பரம் வரும்வரை பூக்காரி அவள் கையை விடவில்லை. அந்த மாதக் கடைசியில் ரத்தினபாய் மகளோடு ஜாம்பியாவுக்குத் திரும்பினாள்.