பெல்லமி கவுண்டியின் நான்காம் பாகம்

சோஹார் துறைமுக சைட் ஆபீஸில் டைப் அடித்துக்கொண்டிருந்த அம்மையப்பனுக்கு எதைக் கண்டாலும் இளக்காரம். கேம்ப் சாம்பார் இளக்காரம். ரூமில் கூட இருக்கும் அருள்ராஜ் பார்க்கிற டிவி சீரியல் இளக்காரம். இன்ஜினியர்கள் எழுதும் இங்கிலீஷைப் பார்த்தாலோ மூக்கைச் சுளித்துக்கொண்டே திருத்துவார். கமுதிப் பக்கத்து ஆள். சரித்திரத்தில் எம்.ஏ. முடித்து, வாத்தியார் வேலை கிடைக்காமல், நாற்பத்தாறு வயதில் ஓமானில் அடுத்தவர் கடிதங்களை அடித்துக்கொண்டிருந்தார்.

2006-ல் ஒருநாள் அவருடைய மேலதிகாரி ரஸ்ஸல் மூன்று தடித்த புத்தகங்களைக் கொண்டுவந்து மேஜையில் வைத்தார். ரஸ்ஸல் அமெரிக்காவில் பெல்லமி கவுண்டி என்ற நாட்டுப்புறத்தில் பிறந்தவர். கவுண்டி என்றால் நம் தாலுகா மாதிரி. அதன் சரித்திரத்தையும் காதல் கதைகளையும் அவருடைய சித்தப்பா மூன்று பாகமாக எழுதி அச்சடித்திருந்தார். நான்காம் பாகத்தை ரஸ்ஸல் எழுதப்போகிறார்: கவுண்டிக்காரர்கள் ஐந்து பேர் அரபு நாட்டு வெறும் மணலில் துறைமுகம் கட்டிய வீர வரலாறு. அதை அம்மையப்பன் டைப் அடிக்க வேண்டும். பழைய பாகங்களைப் படித்தால் நடை பிடிபடும் என்றார் ரஸ்ஸல்.

ஒரு வாரத்தில் மூன்றையும் படித்துவிட்டார்.

"அங்க ஆகப் பழைய கட்டடம் ஒரு மாவு மில்லு. நூத்தி எழுவது வருசமாம். எங்கூர்ல மாட்டுக்கொட்டாய்ச் சுவருக்கு அதவிட வயசு சாஸ்தி" என்றார் அருள்ராஜிடம்.

"கவுண்டின்னா எந்த ஊரு கவுண்டரு அண்ணே?"

அம்மையப்பன் தலையில் அடித்துக்கொண்டார்.

மில்காரர் மகள் வெள்ளத்தில் குதிரையை இறக்கிக் காதலனைத் தேடிப் போன கதை மட்டும் இருபது பக்கம். குதிரையின் பெயர் இருந்தது, நிறம் இருந்தது, அதன் தாய்க்குதிரையின் பெயர்கூட இருந்தது. மில்லுக்குத் தண்ணீர் கொண்டுவர வாய்க்கால் வெட்டியவர்களைப் பற்றி ஒரே வரி: 'இருநூறு கைகள் உழைத்தன.'

"கைதேன் இருந்துருக்கு, ஆளே இல்ல போல" என்று புத்தகத்தை மூடினார்.

பிறகு ரஸ்ஸலின் கையெழுத்துப் பக்கங்கள் வர ஆரம்பித்தன. சித்தப்பாவே தேவலை என்றிருந்தது. ஆறாம் அத்தியாயத்தில் இப்படி ஒரு இடம்: 'அன்று பள்ளத்தின் ஒரு பக்கம் சரிந்தது. கடவுள் கிருபையால் எங்கள் ஐவருக்கும் ஒன்றும் ஆகவில்லை. ஒரு தொழிலாளியை மட்டும் இழந்தோம்.'

அம்மையப்பனின் விரல்கள் நின்றன.

அந்தத் தொழிலாளி கார்மேகம். அபிராமத்துக்காரன், முப்பத்தொரு வயது. போன வருடம் அந்த மண்ணில்தான் புதைந்து செத்துப்போனான்; தோண்டி எடுத்ததை அம்மையப்பன் கூட நின்று பார்த்தார். ஆனால் தூக்கத்தில் மாரடைப்பு என்று கம்பெனி அவன் மனைவிக்குக் கடிதம் அனுப்பியது. அந்தக் கடிதத்தை அடித்தது அம்மையப்பன்தான். எழுத்துப்பிழை இருக்கிறதா என்று இரண்டு தடவை சரிபார்த்து அடித்தார். உலகத்தையே இளக்காரமாகப் பார்த்த மனுஷன் அந்தக் கடிதத்தைப் பற்றி மட்டும் நினைக்காமலே ஒரு வருடத்தை ஓட்டியிருந்தார்.

அந்த வரிக்குக் கீழே தானாகவே சேர்த்தார்: 'இறந்தவர் பெயர் கார்மேகம். ராமநாதபுரம் மாவட்டம், அபிராமம். மண்ணுக்குத் தடுப்புப் பலகை கட்டாமல் அவரைப் பள்ளத்தில் இறக்கினார்கள். தோண்டி எடுக்க நாற்பது நிமிடம் ஆயிற்று.'

படித்துப் பார்த்த ரஸ்ஸல் கோபப்படவில்லை. துள்ளிக் குதித்தார். "பிரமாதம்! இதுதான் குறையாக இருந்தது. இவனுக்கு ஊரில் காதலி யாராவது உண்டா?"

"மனைவி. சீதாலட்சுமி."

சாயங்காலம் புதுப் பக்கம் வந்தது. பலகையைக் காணோம். கார்மேகம் மாலை வெயிலில், ரஸ்ஸலின் மடியில், மனைவியின் போட்டோவை நெஞ்சில் அணைத்தபடி "சீதா" என்று புன்னகைத்து உயிர்விட்டான்.

"மிஸ்டர் ரஸ்ஸல், அவன் வாய் நிறைய மண் இருந்தது."

"படிக்கப்போவது எங்கள் ஊர் சர்ச்சுக் கிழவிகள். அவர்களுக்கு மண் வேண்டாம், அப்பன்."

அம்மையப்பன் சொன்னபடியே அடித்துக் காட்டினார். ஆனால் அச்சகத்துக்கு ஃபைலை அனுப்புகிறவரும் அவர்தான். அனுப்புவதற்கு முன்னால் புன்னகையையும் போட்டோவையும் எடுத்துப் போட்டுவிட்டு, தன்னுடைய நான்கு வரிகளைத் திரும்ப வைத்தார்.

நான்கு மாதம் கழித்துப் புத்தகப் பெட்டி வந்தது. ரஸ்ஸல் உள்ளே புரட்டிக்கூடப் பார்க்காமல் கையெழுத்துப் போட்டு எல்லோருக்கும் கொடுத்தார். தான் எழுதியதைத் தானே படிக்காத ஆசிரியன் என்று அம்மையப்பன் உதட்டைப் பிதுக்கினார். அச்சில் அவருடைய வரிகள் அப்படியே இருந்தன. ஒரு மாதத்தில் பெல்லமியிலிருந்து ஒரு கிழவி கடிதம் போட்டாள்: ஏன் பலகை கட்டவில்லை? ரஸ்ஸலின் முகம் ரத்தமாகச் சிவந்தது. அன்றைக்கே அம்மையப்பனை ஸ்டோருக்குத் தூக்கியடித்தார்கள்.

அந்த வெள்ளிக்கிழமை அவர் சீதாலட்சுமிக்குப் போன் போட்டார். தான் யார் என்று சொல்லி, அச்சில் இருந்ததைத் தமிழில் மெதுவாகச் சொன்னார்.



"மண்ணு சரிஞ்சா? நெஞ்சுவலின்னுல்ல காயிதம் போட்டாக?"

"அதுவும் நான் அடிச்சதுதேன், தாயி."

"ரெண்டையும் நீங்களே அடிச்சிருக்கீக. இதுல எத நான் நம்புறது?"

 "பின்னாடி சொன்னத" என்றார்.

"அப்ப அந்த அச்சுப் பக்கத்துக்குக் கீழ முதக் காயிதம் பொய்யின்னு எழுதி, கையெழுத்துப் போட்டு அனுப்புங்க."

மறுநாளே எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்பினார். அவள் அதை வைத்துக் கம்பெனி மேல் கேஸ் போட்டாள். கம்பெனி கூப்பிட்டு விசாரித்தபோது, "ஆமாம், நான்தான் அடித்தேன், இரண்டையும்" என்றார். விசாவை ரத்து செய்து ஊருக்கு அனுப்பிவிட்டார்கள்.

ராமநாதபுரம் கோர்ட்டில் வாய்தா விழும்போதெல்லாம் கமுதியிலிருந்து பஸ் ஏறி சாட்சி சொல்லப் போனார். சீதாலட்சுமி அதே வராந்தாவில், நாலு தூண் தள்ளி உட்கார்ந்திருப்பாள். ஒருநாளும் அவரோடு பேசியதில்லை. அவரும் எதிர்பார்க்கவில்லை.